இருநூற்றுப் பதினாறாம் எண்ணில் கண்ட குறைகள்

தாளின் இடது பக்கம் நான்கு விரல் அகலம் ஓரம் விட்டு எழுதுகிறேன். கோப்பில் துளை போட்டுக் கட்டும்போது எழுத்து மறையக் கூடாது. என் அனுபவத்தில் பாதி விண்ணப்பங்கள் கெட்டது இந்த ஓரத்தால்தான். நன்றாகப் படித்தவர்கள்கூடத் தாளின் விளிம்பிலிருந்தே எழுதத் தொடங்கிவிடுவார்கள். துளை போட்டதும் அவர்கள் பிறந்த வருஷம் காணாமல் போய்விடும். பிறந்த வருஷம் இல்லாதவருக்கு வயது கிடையாது. வயது இல்லாதவருக்கு வேலை எப்படிக் கொடுப்பது?

நடந்ததை என் சொந்த வார்த்தைகளில், எதையும் விடாமல் எழுதித் தரச் சொன்னீர்கள். விசாரணை அதிகாரி என்ற முறையில் உங்களுக்கு அந்த உரிமை உண்டு. கேட்ட விதமும் மரியாதையாக இருந்தது. நேற்று வந்த உங்கள் உதவியாளர்தான் மேசையைத் தட்டிப் பேசினார். சின்ன வயசு, போகட்டும். நான் எதையும் மறைக்கப் போவதில்லை. இருபத்தாறு வருஷ வேலையில் நான் யாரிடமும் கை நீட்டியதில்லை, ஒரு நாளும் தாமதமாக வந்ததில்லை, ஒரு தாளையும் தொலைத்ததில்லை. நீங்கள் தேடுகிற தாளும் தொலையவில்லை. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

எங்கள் ஆள்தேர்வுப் பிரிவு மூன்றாவது மாடியில், தாழ்வாரம் முடிகிற இடத்தில் இருக்கிறது. லிஃப்ட் கிடையாது, படிதான். பிரிவில் மூன்று பேர். தலைமை எழுத்தராக நான். கதவுக்குப் பக்கத்து மேசையில் தட்டச்சு அம்மா. அப்புறம் பியூன். அவரை நாங்கள் நெட்டை என்று கூப்பிடுவோம், உண்மையில் அவர் என் தோளுக்குத்தான் வருவார். ஜன்னலோரத்து மேசை என்னுடையது. வெயில் படாது, காற்று வரும், கீழே பேருந்து நிறுத்தம் தெரியும். அந்த மேசைக்கு வந்து சேர எனக்குப் பதினான்கு வருஷம் ஆயிற்று.

ஒன்பது வருஷத்துக்கு முன்னால் பதிவறை உதவியாளர் என்ற ஒரே ஒரு பணியிடத்துக்கு விளம்பரம் செய்தோம். ஆறாயிரத்துச் சொச்சம் விண்ணப்பங்கள் வந்தன. நெட்டை அவற்றைச் சாக்கில் போட்டுத் தரையோடு இழுத்துக்கொண்டு வந்தார். ஆறாயிரம் பேரில் நாங்கள் ஒருவரைத் தேர்ந்தெடுக்கிறோம் என்றுதான் வெளியில் இருப்பவர்கள் நினைக்கிறார்கள். நாங்கள் யாரையும் தேர்ந்தெடுப்பதில்லை. குறை உள்ளவர்களை நீக்குகிறோம், கடைசியில் மிஞ்சுகிறவர் தேர்வானவர். குறை கண்டுபிடிப்பதில் நான் கில்லாடி என்று மேலதிகாரிகளே சொல்லியிருக்கிறார்கள். புகைப்படத்தில் இரண்டு காதும் தெரிய வேண்டும், தெரியாவிட்டால் நீக்கம். கைரேகையில் மை கலங்கியிருந்தால் நீக்கம். இடது கட்டைவிரல் இல்லாத ஒருவர் வலது கட்டைவிரல் ரேகையை வைத்து, பக்கத்தில் காரணமும் எழுதியிருந்தார். அழகான கையெழுத்து. விதியில் இடது என்றுதான் இருந்தது.

நேரில் கூப்பிட்ட நாளில் தாழ்வாரத்தில் நானூறு பேர் நின்றார்கள். நெஞ்சில் ஒன்று, முதுகில் ஒன்று என்று எண் எழுதிய தாளைக் குண்டூசியால் குத்திவிட்டோம். உள்ளே நடப்பது தெரியக் கூடாது என்பதால் சுவரைப் பார்த்து நிற்கச் சொன்னோம். உயரம் அளந்தோம், எடை பார்த்தோம், பல்லைக் காட்டச் சொன்னோம். கோப்பு எடுத்துக் கொடுக்கிற வேலைக்குப் பல் எதற்கு என்று ஒருவர் கேட்டார். நியாயமான கேள்விதான். காவலர் தேர்வுக்கு எழுதிய விதிகளையே நாங்களும் வைத்துக்கொண்டிருந்தோம், தனியாக எழுத யாருக்கும் நேரம் இருந்ததில்லை. கேட்டவரை ஒழுங்கீனம் என்று நீக்கினேன். அதன் பிறகு வரிசை சத்தமில்லாமல் நகர்ந்தது.

இன்னொரு விதியையும் சொல்லிவிடுகிறேன். நியமன ஆணை கைக்கு வரும்வரை விண்ணப்பதாரரைப் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது, எண்ணைத்தான் சொல்ல வேண்டும். பெயர் தெரிந்தால் வேண்டியவர், வேண்டாதவர் என்று வந்துவிடும். அதனால் நீங்கள் விசாரிக்கும் அந்தப் பெண்ணை இங்கேயும் இருநூற்றுப் பதினாறு என்றே எழுதுகிறேன். தப்பாக நினைக்காதீர்கள். கடைசிவரை அவளுக்கு நியமன ஆணை கிடைக்கவில்லை.

அப்போது அவளுக்கு இருபத்து நான்கு வயது. அப்பா அம்மா இல்லை. அண்ணன் பேருந்துப் பணிமனையில் மெக்கானிக். அண்ணன், அண்ணி, அவர்களுடைய கைக்குழந்தை, இவள் என நாலு பேர் ஒரே அறை வீட்டில் இருந்தார்கள். நீல பிளாஸ்டிக் உறையில் சான்றிதழ்களை அடுக்கி எடுத்துவந்திருந்தாள். மற்றவர்கள் கேட்ட தாளைத் தேடித் திண்டாடும்போது, இவள் கேட்பதற்கு முன்பே எடுத்து நீட்டினாள். எனக்குப் பார்த்ததுமே பிடித்துப்போயிற்று. வேறு மாதிரி எடுத்துக்கொள்ள வேண்டாம். ஒழுங்கான ஆளைப் பார்த்தால் எனக்கு வருகிற பாசம் அது, வயது வித்தியாசம் இல்லாமல் யாரைப் பார்த்தாலும் வரும்.

இரண்டு வருஷம் சலித்தெடுத்த பிறகு பதினோரு பேர் மிஞ்சினார்கள். மூன்றாவது வருஷம் ஒரு காலையில் மேலிடத்திலிருந்து ஒரு பக்க ஆணை வந்தது. பதிவறை உதவியாளர் பணியிடம் ரத்து செய்யப்படுகிறது. இனி ஆள்தேர்வு தலைமை அலுவலகத்திலேயே நடக்கும். இந்தப் பிரிவு கலைக்கப்படுகிறது. ஊழியர்கள் உபரிக் கூடத்துக்கு அனுப்பப்படுவார்கள். நிலுவையில் கோப்பு ஏதும் இருந்தால், அது முடியும்வரை மட்டும் பிரிவு தொடரலாம்.

உபரிக் கூடம் என்றால் என்னவென்று உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். வேலை இல்லாமல் போன ஊழியர்களைப் போட்டுவைக்கும் இடம். இளவயதில் பதினோரு மாதம் நான் அங்கே இருந்திருக்கிறேன். பெரிய கூடம், நாற்பது நாற்காலி, மேசை கிடையாது. காலையில் ஒரு கையெழுத்து, சாயங்காலம் ஒரு கையெழுத்து. நடுவில் உட்கார்ந்திருக்க வேண்டும். பேப்பர் படித்தால் குற்றம், கண் அசந்தால் குற்றம். என் பக்கத்து நாற்காலிக்காரர் சட்டைப் பொத்தான்களை நாளெல்லாம் கழற்றிக் கழற்றி மாட்டுவார். அந்த ஆணையை இரண்டு முறை படித்தேன். உண்மையைச் சொல்வதற்கென்ன, கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன்.

முகம் கழுவிவிட்டு வந்து பதினோரு கோப்பையும் எடுத்தேன். பத்தில் குறை எதுவும் பாக்கி இல்லை. பணியிடம் இல்லை என்று ஆளுக்கு ஒரு கடிதம் போட்டு மூடிவிடலாம். பதினோராவது அவளுடையது. பட்டச் சான்று நகலில் ஒட்டியிருந்த படத்தின் மேல் அதிகாரி முத்திரை குத்தியிருந்தார். முத்திரை பாதி படத்தின் மேலும் பாதி தாளின் மேலும் விழ வேண்டும். அவளுடையதில் முழுசாக முகத்தின் மேலேயே விழுந்திருந்தது. திருத்திக் கொண்டுவரும்படி முந்தின வாரம்தான் நான் எழுதியிருந்தேன். பதில் வந்து, அதைப் பரிசீலித்து முடிக்கும்வரை அது நிலுவைக் கோப்பு.

பத்துக் கடிதங்களையும் அன்றே அனுப்பினேன். ஆணையை மடித்து என் இழுப்பறையில் வைத்தேன். தட்டச்சு அம்மாவிடமும் நெட்டையிடமும் காட்டவில்லை, அவர்கள் பயந்துவிடுவார்கள்.

மறுநாள் அலுவலகம் திறப்பதற்கு முன்பே அவள் திருத்திய நகலோடு படியில் உட்கார்ந்திருந்தாள். வாங்கிப் பார்த்தேன். முத்திரை கச்சிதமாக விழுந்திருந்தது. அவள் முகத்தில் அப்படி ஒரு நம்பிக்கை. அந்த முகத்தைப் பார்த்து இல்லை என்று சொல்ல யாருக்கு மனசு வரும்? இருப்பிடச் சான்றில் கதவு எண் பழையதாக இருக்கிறது, புது எண்ணோடு வாங்கி வாருங்கள் என்றேன்.

“சரி சார். நாளைக்கே கொண்டுவந்துடறேன்” என்றாள்.

இப்படித்தான் ஆரம்பித்தது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை மேலே அறிக்கை அனுப்ப வேண்டும். நிலுவை: ஒன்று என்று எழுதி அனுப்புவேன். ஏன் என்று யாரும் கேட்டதில்லை. பூஜ்யம் என்றால் பிரிவைக் கலைத்துவிடுவார்கள், ஐம்பது என்றால் விளக்கம் கேட்பார்கள். ஒன்றை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை.

ஒவ்வொரு முறையும் உண்மையான குறையைத்தான் எழுதினேன், இட்டுக்கட்டியதாக ஒன்றுகூடக் கிடையாது. கோப்பு உங்களிடம் இருக்கிறது, சரிபார்த்துக்கொள்ளலாம். ஐந்து வருஷமாக அவளைத் தெரிந்த, சொந்தக்காரர் அல்லாத இரண்டு பேரின் நடத்தைச் சான்று வேண்டும். கொடுத்திருந்தாள். கொடுத்தவர்களில் ஒருவர், அவளுக்குப் பாடம் நடத்திய ஆசிரியர், இடையில் இறந்துபோனார். இறந்தவர் கொடுத்த நற்சான்று செல்லுமா என்று தெளிவுரை கேட்டு மேலே எழுதினேன். கிணற்றில் போட்ட கல் மாதிரி அது கிடந்தது, ஒரு வருஷம் நல்லபடியாக ஓடிப்போயிற்று. ஆறு மாதத்துக்கு மேல் பழைய படம் செல்லாது என்பதால் ஆறு மாதத்துக்கு ஒருமுறை புதுப் படம் கேட்டேன். விண்ணப்பித்த தேதியில் இருந்த வயதுதான் கணக்கு. அதனால் கோப்பில் அவளுக்கு எப்போதும் இருபத்து நான்குதான். அதைக் கேட்டு அவளே ஒருமுறை சிரித்தாள்.

ஐந்தாவது வருஷம் நேர்முகத் தேர்வு வைத்தேன். கோப்பில் ஏதாவது பதிவாக வேண்டுமே. குழுவில் மூன்று பேர் இருக்க வேண்டும் என்பது விதி. நான், தட்டச்சு அம்மா, மூன்றாவதாக நெட்டையை என் கோட்டைப் போட்டு உட்காரவைத்தேன். கை விரல் நுனிவரை கோட்டு மூடியிருந்தது. வரும்போதெல்லாம் வாசலில் தன்னைப் பார்த்து “எப்படிண்ணே இருக்கீங்க?” என்று கேட்கிற பெண்ணைப் பார்த்து அவர், “ஒரு அலமாரியில எத்தனை கோப்பு அடங்கும்?” என்று கேட்டார். அவள் முகத்தில் ஒரு சின்னச் சிரிப்புகூட வரவில்லை. கோப்பின் தடிமனைப் பொறுத்தது என்று ஆரம்பித்து, நிமிர்ந்து உட்கார்ந்து, முழுப் பதிலையும் சொல்லிவிட்டு “நன்றி ஐயா” என்றாள். அவள் போன பிறகு நெட்டை கோட்டைக் கழற்றி என் நாற்காலியில் மாட்டினார்.

“இனிமே இந்த விளையாட்டுக்கு என்னைக் கூப்பிடாதீங்க சார்” என்றார்.

விளையாட்டு இல்லை, அவளுக்கு நூற்றுக்கு எண்பத்தாறு போட்டிருக்கிறேன் என்று அவரிடம் மதிப்பெண் தாளைக் காட்டினேன். அவர் பார்க்கவில்லை.

வேறு எங்கும் வேலையில் இல்லை என்று ஆறு மாதத்துக்கு ஒருமுறை அவள் உறுதிமொழி கொடுக்க வேண்டியிருந்தது. ஒரு நாள் அதை எழுதித் தருவதற்குப் பதிலாகப் பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

“சார், ஒரு பள்ளிக்கூடத்துல லைப்ரரியைப் பார்த்துக்கக் கூப்பிடுறாங்க. போகட்டுமா சார்?”

“உங்க இஷ்டம்மா. போகாதீங்கன்னு நான் சொல்ல முடியுமா? ஆனா போனீங்கன்னா இதுல கையெழுத்துப் போட முடியாது. கோப்பை மூட வேண்டியதுதான்.”

“இது எப்ப சார் முடியும்?”

“கிட்டத்தட்ட முடிஞ்ச மாதிரிதான்.”

அவள் கையெழுத்துப் போட்டாள். போகாதே என்று நான் சொல்லவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஒரு மாப்பிள்ளை வீட்டாரும் வேலை ஆணை வரட்டும் என்று இரண்டு வருஷம் காத்திருந்துவிட்டு வேறு இடம் பார்த்துக்கொண்டார்கள். அதையும் என்னால் என்கிறார்கள். ஆணை வரும் என்று அவர்களுக்குச் சொன்னது அவள், நான் அவர்களைப் பார்த்ததுகூட இல்லை.

வீட்டில் அண்ணி அவளுக்கு ஆபீசரம்மா என்று பெயர் வைத்திருந்தார். “ஆபீசரம்மாவுக்கு இன்னைக்கு ஆபீஸ் லீவுன்னா பாத்திரம் கழுவலாமேன்னு சொல்றாங்க” என்று இவள் தட்டச்சு அம்மாவிடம் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தாள். தட்டச்சு அம்மா சிரிக்கவில்லை. அவள் போனதும் என் மேசைக்கு வந்தார்.

“சார், இல்லைன்னு சொல்லி அனுப்பிடுங்க சார். அந்தப் பொண்ணு வேற எங்கயாவது போய்ப் பொழச்சுக்கும்.”

“இல்லைன்னு சொல்ல எனக்கு மனசு வரலம்மா.”

“அப்ப வேலையைக் குடுங்க.”

“அது நம்ம கையில இல்லையே.”

“பின்ன எதுதான் சார் நம்ம கையில இருக்கு?”

அவருக்கு அடிக்கடி இப்படிக் கோபம் வரும். மகள் இருக்கும் ஊருக்கு மாற்றல் கேட்டு மூன்று முறை மனு கொடுத்திருந்தார். மூன்றும் என் இழுப்பறையில் பத்திரமாக இருக்கின்றன. அனுப்பியிருந்தால் ஒரு தட்டச்சர் குறைந்திருப்பார், பிரிவு எதற்கு என்று யாராவது கேட்டிருப்பார்கள். நான் இத்தனை பாடுபட்டது அவர்கள் இருவருக்கும் சேர்த்துத்தான் என்பது அவருக்குத் தெரியாது. தெரியவேண்டும் என்று நான் எதிர்பார்க்கவும் இல்லை.

எட்டாவது வருஷத்தில் குறைகள் தீர்ந்துவிட்டன. கோப்பை முதல் தாளிலிருந்து கடைசித் தாள்வரை மூன்று முறை புரட்டினேன். ஒன்றுமே இல்லை. அப்படி ஒரு சுத்தமான விண்ணப்பத்தை என் வாழ்நாளில் பார்த்ததில்லை. ஒரு வாரம் எனக்குச் சோறு இறங்கவில்லை, என் மனைவி பயந்துபோனாள். பிறகுதான் மருத்துவப் பரிசோதனை பாக்கி இருப்பது நினைவுக்கு வந்தது. தேர்வானவர்களுக்கு மட்டும் கடைசியில் செய்வது அது. கடிதத்தை அவள் கையில் கொடுத்தபோது படித்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள்.

“மெடிக்கல்னா செலக்ட் ஆன மாதிரிதானே சார்?”

நான் ஆமாம் என்று சொல்லவில்லை. சிரித்தேன். அவள் கீழே ஓடிப்போய் மூன்று சாக்லெட் வாங்கிவந்து எங்கள் மூவருக்கும் கொடுத்தாள். மூன்று மாடி ஏறியதில் அவளுக்கு இருமல் வந்துவிட்டது, சிரிப்பும் இருமலுமாக நின்றாள்.

பரிசோதனை முறையை உங்களுக்குச் சொல்ல வேண்டும். பெரிய மருத்துவமனையில் ஒரே நாளில் எல்லாவற்றையும் எடுப்பார்கள். பத்து நாள் கழித்து அறிக்கை மூடி முத்திரையிட்ட உறையில் எங்கள் பிரிவுக்கு வரும். விண்ணப்பதாரரிடம் காட்டக் கூடாது, உள்ளே இருப்பதைச் சொல்லவும் கூடாது. யாரும் ஆள் பிடித்து அறிக்கையை மாற்றிவிடக் கூடாது என்பதற்காகப் போட்ட விதி. நல்ல விதிதான். நானே உறையைப் பிரித்தேன்.

வலது நுரையீரலில் நிழல். சளியில் கிருமி இருக்கிறது. காசநோய், ஆரம்பக் கட்டம். ஆறு மாதம் மாத்திரை எடுத்தால் முழுமையாகக் குணமாகும், எந்த அரசு மருத்துவமனையிலும் இலவசமாகக் கிடைக்கும். இப்போதைக்குப் பணிக்குத் தகுதி இல்லை. விண்ணப்பதாரருக்கு இன்றே தெரிவிக்கவும். கடைசி வரியின் கீழே மருத்துவர் சிவப்பு மையில் இரண்டு முறை கோடு போட்டிருந்தார்.

அந்தத் தாளை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அறிக்கையைக் கோப்பில் சேர்த்தால் தகுதி இல்லை என்று மூட வேண்டும். வாய்வார்த்தையாக அவளிடம் சொன்னாலும் அதே கதைதான், சிகிச்சைக்குப் போவாள், வராமல் நின்றுவிடுவாள், பதில் வராத கோப்பு மூன்று மாதத்தில் தானாகவே முடிந்துவிடும். சொல்லக் கூடாது என்று விதி வேறு இருக்கிறது. தெரிவிக்கவும் என்று மருத்துவர் எழுதியது விதிக்கு முரண். அவர் புதிதாக வந்தவராக இருக்க வேண்டும். தாளை உறையில் போட்டு, ஓரத்தைப் பசை தடவி ஒட்டினேன். பிறகு நெட்டையைக் கூப்பிட்டு, வருகிறவர்கள் உட்காரும் நாற்காலியை என் மேசைக்கு எதிரிலிருந்து எடுத்துக் கதவுப் பக்கம் போடச் சொன்னேன். இடம் தாராளமாக இருக்கட்டும் என்று காரணம் சொன்னேன். ஜன்னலையும் முழுசாகத் திறந்து வைத்தேன்.

கதவுப் பக்கம் தட்டச்சு அம்மாவின் மேசை இருக்கிறது. அந்த நாற்காலிக்கும் அவர் மேசைக்கும் நடுவே ஒரு முழம்தான் இருக்கும். அன்று அது எனக்குத் தோன்றவில்லை. அவருக்கும் இப்போது நெஞ்சு எக்ஸ்ரே எடுத்திருப்பதாகக் கேள்விப்பட்டேன்.

அடுத்த வாரம் அவள் வந்தாள்.

“சார், மெடிக்கல் ரிப்போர்ட் வந்துச்சா?”

“வந்துடுச்சும்மா. எல்லாம் சரியா இருக்கு.”

“அப்பாடா. ஒரு மாசமா இருமிக்கிட்டே இருக்கே, ஆஸ்பத்திரிக்கு வான்னு அண்ணன் ஒரே தொல்லை. பெரிய டாக்டரே பார்த்து சரின்னுட்டார்னு சொல்லிடறேன்.”

நான் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு தலையாட்டினேன். அவள் அண்ணனிடம் அப்படியே சொல்லியிருக்கிறாள். அண்ணன் அதை நம்பியிருக்கிறார். அரசாங்கம் பார்த்துச் சரி என்று சொன்ன பிறகு யார்தான் நம்பமாட்டார்கள்?

அதன் பிறகு பதினான்கு மாதம் அவள் வந்துகொண்டிருந்தாள். மருத்துவ அறிக்கை மேலதிகாரியின் ஒப்புதலுக்குப் போயிருப்பதாகச் சொல்லிவைத்தேன். ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும் உட்கார்ந்து உட்கார்ந்து ஏறுவதாக நெட்டை சொன்னார். ஒருநாள் அவரே தண்ணீர் கொண்டுபோய்க் கொடுத்தார். ஒன்பது வருஷத்தில் பதினெட்டுப் படங்கள் கொடுத்திருக்கிறாள், கோப்பில் வரிசையாக ஒட்டியிருக்கிறேன். கடைசி மூன்றில் கழுத்தெலும்பு தெரிகிறது, கண் உள்ளே போயிருக்கிறது. இரண்டு காதும் சரியாகத் தெரிந்தன. குறை எதுவும் எழுத முடியவில்லை.

பெரிய மருத்துவமனையில் அவள் இறந்ததை அண்ணன் வந்து சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். சட்டையில் கிரீஸ் கறையோடு கதவருகில் நின்றார். அந்த நாற்காலியில் உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. கத்துவார் என்று எதிர்பார்த்தேன். தணிந்த குரலில்தான் கேட்டார்.

“அவளோட ஒரிஜினல் சர்டிபிகேட்டெல்லாம் குடுத்தீங்கன்னா வீட்டுல வச்சுக்குவோம் சார். அவ சம்பாதிச்சதுன்னு வேற எதுவும் எங்ககிட்ட இல்ல.”

கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். பொய் சொல்லவில்லை, தட்டச்சு அம்மாவைக் கேளுங்கள், என் கண் கலங்கியதைப் பார்த்திருப்பார். ஆனால் சரிபார்ப்புக்கு வாங்கிக் கோப்பில் வைத்திருந்த அசல் சான்றுகளைத் திருப்பிக் கொடுத்தால் கோப்பு முடிந்துவிடும். இறப்புச் சான்று வேண்டும் என்றேன். மறுநாளே கொண்டுவந்தார். வாங்கிப் பார்த்தேன். பழைய கதவு எண் போட்டிருந்தது.

என் கை தானாக எழுதிவிட்டது. இப்போது நினைத்துப் பார்த்தால் அதை விட்டிருக்கலாம் என்று தோன்றுகிறது. ஆனால் இருபத்தாறு வருஷமாக ஒரு குறை கண்ணில் பட்டால் எழுதாமல் விட்டதில்லை. மருத்துவமனையில் திருத்தி வாங்கி வாருங்கள் என்று தாளை நீட்டினேன். அவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார். மருத்துவமனைப் பதிவேட்டில் கதவு எண்ணைத் திருத்தப் போன இடத்தில், சிவப்பு மையில் கோடு போட்ட அந்த மருத்துவர் இருந்திருக்கிறார். பதிவேட்டில் அவள் பெயரைப் பார்த்ததும் அவருக்கு நினைவு வந்திருக்கிறது. இந்தப் பெண்ணுக்குப் பதினான்கு மாதத்துக்கு முன்னால் நான்தானே அறிக்கை அனுப்பினேன், ஏன் சிகிச்சைக்கு வரவில்லை என்று அண்ணனிடம் கேட்டிருக்கிறார். அந்தக் கதவு எண்ணை மட்டும் நான் கண்டுகொள்ளாமல் இருந்திருந்தால் நீங்கள் இந்த மூன்று மாடி ஏறி வந்திருக்க வேண்டியதில்லை.

அண்ணன் குழந்தைக்கும் நோய் தொற்றியிருப்பதாக நேற்று உங்கள் உதவியாளர் சொன்னார். ஒன்பது வயதாம். மாத்திரை ஆரம்பித்துவிட்டார்கள், குணமாகிவிடும். ஆரம்பத்திலேயே தெரிந்துவிட்டால் ஒன்றும் பயமில்லை என்று அறிக்கையிலேயே எழுதியிருந்ததே.

நீங்கள் தேடுகிற அந்த அறிக்கை என் மேசையின் கீழ் இழுப்பறையில், ரத்து ஆணைக்கு அடியில் இருக்கிறது. நான் செய்தது என்ன என்று சுற்றி வளைக்காமல் எழுதச் சொன்னீர்கள். எழுதுகிறேன். இல்லாத ஒரு வேலைக்காக ஆறு வருஷம் அவளை இந்தப் படிகளில் ஏற வைத்தேன். அவளுக்குக் காசநோய் என்று தெரிந்த அன்றே எனக்குத் தொற்றாமல் இருக்க நாற்காலியை நகர்த்திக்கொண்டேன். அவளிடம் எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொன்னேன். அவள் அதை நம்பிச் செத்துப்போனாள். இதில் யாருடைய தூண்டுதலும் இல்லை, நான் முழு நினைவோடுதான் செய்தேன்.

ஒன்றை மட்டும் சேர்த்து எழுத அனுமதி கேட்கிறேன். அவள் கடைசியாக வந்தது சாவதற்கு மூன்று வாரம் முன்பு. நெட்டை கையைப் பிடித்து ஏற்றிவிட்டிருந்தார். நாற்காலியில் உட்கார்ந்து மூச்சு வாங்கி முடிக்கவே நேரம் பிடித்தது. பிறகு என்னைப் பார்த்து, “சார், எனக்குக் கிடைச்சிடும்ல?” என்று கேட்டாள். “கட்டாயம் கிடைக்கும்மா” என்றேன். அவள் முகம் மலர்ந்ததை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். இந்தக் கட்டடத்தில் எத்தனையோ பேரை இல்லை என்று சொல்லித் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள், அத்தனை பேரும் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டுதான் இறங்கினார்கள். சிரித்த முகத்தோடு இறங்கிப் போனவள் அவள் ஒருத்திதான். அவளுக்கு அந்தச் சந்தோஷத்தையாவது கொடுக்க என்னை விட்டால் யார் இருந்தார்கள் என்று அவள் அண்ணனைக் கேட்டுப் பாருங்கள்.